மலைவீதியும் பயிலுநர் அனுமதிப்பத்திரமும்

இலங்கையில் மோட்டார் வாகனம் ஓட்டப் பழக விரும்பும் எவரும், திறப்பைத் திருகுவதற்கு முன்னரே கையில் வைத்திருக்க வேண்டிய ஆவணம் பயிலுநர் அனுமதிப்பத்திரமாகும். 1951 ஆம் ஆண்டின் 14 ஆம் இலக்க மோட்டார் வாகனச் சட்டத்தையும் அதற்குப் பின்னர் வந்த திருத்தங்களையும் அடிப்படையாகக் கொண்டு மோட்டார் போக்குவரத்துத் திணைக்களம் இதனை வழங்குகிறது. வீதி விதிகள் பற்றிய எழுத்துப் பரீட்சையில் சித்தியடைந்தவருக்குக் கிடைக்கும் இந்த அனுமதி வழமையாக 18 மாதங்களுக்குச் செல்லுபடியாகும். அது கிடைத்து 3 மாதங்கள் சென்ற பின்னரே, மக்கள் வழக்கில் ‘ட்ரையல்’ எனப்படும் செய்முறைப் பரீட்சைக்குத் தோற்ற முடியும். அந்த இடைக்காலத்தில் பயிலுநர், வாகனத்தின் முன்னும் பின்னும் வெள்ளைப் பின்னணியில் சிவப்பு ‘எல்’ எழுத்துப் பலகையைக் கட்டி, உரிய அனுமதிப்பத்திரம் உடைய ஒருவர் அருகில் இருக்கவே ஓட்டிப் பழகலாம்.

சட்டத்தின் பார்வையில் இது ஓர் இடைக்காலத் தாள். கொழும்பிலோ கம்பஹாவிலோ வாழ்பவர் சாரதி அனுமதிப்பத்திரம் கைக்கு வந்த மறுநாளே அதனை மறந்துவிடுவார். ஹட்டன், மஸ்கெலியா, பொகவந்தலாவை, தலவாக்கலை, நுவரெலியா ஆகிய ஊர்களைச் சூழ்ந்துள்ள தேயிலைத் தோட்டங்களில், லயங்கள் எனப்படும் வரிசைக் குடியிருப்புகளில் பிறந்து வளர்ந்த இளையோருக்கு அது அவ்வாறானதன்று. அந்தத் தாளைப் பெறுவதற்கு முன்னால் அவர்களுக்குக் குறுக்கே நிற்பது ஒரு சமூகத்தின் வரலாறு. பெற்ற பின்னர் அவர்கள் ஓட்டிப் பழக வேண்டியவையோ இந்நாட்டின் மிகக் கடினமான வீதிகள். முன்னைய தடையை நீக்குவது அரசின் கடமை என்பதும், அனுமதி கிடைத்த பின் வரும் 3 மாதங்களை வெறும் காத்திருப்பாகக் கழிக்காமல் முழுமையான பயிற்சிக் காலமாக ஆக்கிக்கொள்வது பயிலுநரும் பயிற்றுநரும் ஏற்க வேண்டிய பொறுப்பு என்பதுமே இவ்வுரையின் வாதம்.

தோட்டப் புறங்களில் வாகனம் ஓட்டத் தெரிந்திருத்தல் ஆடம்பரம் சார்ந்த விடயமன்று. கொழுந்து பறிக்கும் தொழிலைத் தொடர விரும்பாத இளைஞர்களுக்குத் தோட்டத்தை விட்டு முற்றாக வெளியேறாமலே கிடைக்கும் மிகச் சில தொழில்களுள் முச்சக்கரவண்டி ஓட்டுதல் ஒன்று. டிக்கோயாவில் இந்திய அரசின் உதவியுடன் கட்டப்பட்ட வைத்தியசாலை 2017 மே மாதத்தில் திறந்துவைக்கப்பட்டது. ஆயினும் தோட்டத்தின் மேற்பிரிவு லயத்தில் நள்ளிரவில் பிரசவ வலி கண்ட ஒரு பெண்ணை அந்த வைத்தியசாலை வாசல்வரை கொண்டு சேர்ப்பது பெரும்பாலும் பக்கத்து லயத்து முச்சக்கரவண்டியே. அதனை ஓட்டுபவர் முறையாகப் பயின்றவரா, அனுமதிப்பத்திரம் உடையவரா என்பது ஒரு குடும்பத்தின் உயிரோடு தொடர்புடைய வினாவாகும்.

பயிலுநர் அனுமதிக்கு விண்ணப்பிப்பவர் பிறப்புச் சான்றிதழ், தேசிய அடையாள அட்டை, தேசிய போக்குவரத்து மருத்துவ நிறுவனம் வழங்கும் மருத்துவச் சான்றிதழ் ஆகியவற்றைச் சமர்ப்பிக்க வேண்டும். கண்பார்வையும் செவிப்புலனும் உடல்நிலையும் வாகனம் ஓட்டுவதற்குத் தக்கன என்பதை உறுதிப்படுத்தும் மருத்துவச் சான்றிதழ் 6 மாதங்களுக்கே செல்லும். மேலோட்டமாக நோக்கின் இவை மூன்று தாள்களே. ஆனால் ஒவ்வொன்றும் தனக்கு முந்திய ஒன்றைச் சார்ந்து நிற்கிறது: அடையாள அட்டை இன்றி விண்ணப்பம் இல்லை, பிறப்புச் சான்றிதழ் இன்றி அடையாள அட்டை எளிதிற் கிடைப்பதில்லை, பதிவு செய்யப்படாத பிறப்புக்குச் சான்றிதழும் இல்லை. இத்தொடரின் முதற்கண்ணி எங்கே அறுந்தது என்பதை அறிய 1948 ஆம் ஆண்டுக்குச் செல்ல வேண்டியுள்ளது.

சுதந்திரம் பெற்ற அதே ஆண்டில் நிறைவேற்றப்பட்ட 18 ஆம் இலக்க இலங்கைப் பிரசாவுரிமைச் சட்டம், தகப்பனோ, அன்றேல் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனுமோ இந்நாட்டிற் பிறந்தமைக்கு ஆவணச் சான்று கேட்டது. அத்தகைய தாள்களை வைத்திருக்க வேண்டிய தேவையே அதுவரை ஏற்பட்டிராத இந்திய வம்சாவளித் தோட்டத் தொழிலாளரிற் பெரும்பாலானோர் அதன் விளைவாக நாடற்றவர் ஆயினர். நாடற்றவர் என்போர் எந்த அரசும் தன் குடிமகனாக ஏற்காதவர். 1964 ஒக்டோபர் 30 ஆம் திகதி இலங்கைக்கும் இந்தியாவுக்கும் இடையில் கைச்சாத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரை முன்னிறுத்தி, அவர்களுள் 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதென்றும் எஞ்சிய 1,50,000 பேர் பற்றிப் பின்னர் முடிவு செய்வதென்றும் வகுத்தது. எஞ்சியோர் 1974 ஆம் ஆண்டின் உடன்படிக்கை மூலம் இரு நாடுகளுக்கும் சமமாகப் பங்கிடப்பட்டனர். அதன் பின்னரும் தீராது நின்றவர்களுக்கு 1988 ஆம் ஆண்டின் 39 ஆம் இலக்கச் சட்டமும் 2003 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கச் சட்டமும் குடியுரிமை வழங்கின.

இன்று 18 வயதை எட்டும் தோட்டத்துப் பிள்ளை குடியுரிமை குறித்து ஐயம் எதுவும் இல்லாத குடிமகன். எனினும் நாடற்றிருந்த அரை நூற்றாண்டின் பழுது குடும்பத்தின் பெட்டியிலுள்ள தாள்களில் இன்னும் தங்கியுள்ளது. பாட்டியின் பிறப்பு பதியப்படவில்லை. தாயாரிடம் இருப்பதோ பதிவில்லாத பிறப்புகளுக்கு வழங்கப்படும் உத்தேச வயதுச் சான்றிதழ். பெற்றோரின் திருமணம் கோயிலில் நடந்தது, பதிவாளரிடம் நடக்கவில்லை. தோட்டத்தில் நிகழும் பிறப்பை அறிவிக்கும் பொறுப்பு தோட்ட அத்தியட்சகருக்கு, அதாவது தொழிலாளர் ‘தொரை’ என அழைக்கும் நிருவாகிக்கு, நெடுங்காலமாக இருந்து வந்துள்ளது. அடையாள அட்டை விண்ணப்பத்தை அத்தாட்சிப்படுத்தும் அதிகாரமும் கிராம உத்தியோகத்தரைப் போன்று அவருக்கும் உண்டு. ஒருவர் தம் பெயரை அரசின் ஏட்டில் ஏற்றுவதற்குத் தமக்குச் சம்பளம் தருபவரின் கையொப்பத்தை நாடி நிற்க நேர்வது, அந்த நிருவாகி எத்துணை நல்லவராக இருப்பினும், ஏற்கத்தக்க ஏற்பாடு அன்று.

பெயர் தொடர்பான சிக்கல் இதனினும் பரவலானது. தமிழ்ப் பெயர்களைச் சிங்களத்தில் எழுதி, அதனைப் பின்னர் ஆங்கிலத்துக்கு மாற்றி, மீண்டும் தமிழுக்குக் கொண்டுவரும்போது ஒரே ஆள் இரண்டு மூன்று பேராக மாறிவிடுகிறார். பிறப்புச் சான்றிதழில் தகப்பன் பெயர் முன்னால் நிற்கும், அடையாள அட்டையில் அது பின்னால் சென்றிருக்கும், பாடசாலை இடாப்பில் அது முதலெழுத்தாகச் சுருங்கியிருக்கும். யோகேஸ்வரன் என்னும் ஒருவர் ஒரு தாளில் யோகேஷ்வரன் ஆகவும் மற்றொன்றில் வெறும் யோகேஸ் ஆகவும் இருப்பார். தோட்டத்துக்குள் இதனால் எவருக்கும் இடர் இல்லை. சாரதி அனுமதிப்பத்திரக் கருமபீடத்திலோ எழுத்து வேறுபாடு என்பது ஆள் வேறுபாடாகவே கொள்ளப்படும். சத்தியக்கடதாசி, கிராம உத்தியோகத்தரின் கடிதம், பதிவாளர் அலுவலகத்தில் திருத்த விண்ணப்பம் எனப் பயணங்கள் நீள, கையிலுள்ள மருத்துவச் சான்றிதழின் 6 மாதமும் கரைந்து போகும்.

முகவரியும் அவ்வாறே. லயத்தின் ஒவ்வோர் அறைக்கும் தனி இலக்கமும் தனிக் கடிதப்பெட்டியும் வழங்கப்படாத தோட்டங்கள் ஏராளம். தோட்டத்தின் பெயரும் டிவிசன் எனப்படும் பிரிவின் பெயருமே அங்கு நூற்றுக்கணக்கானோருக்குப் பொது முகவரியாக உள்ளன. தபால் தோட்டக் காரியாலயத்துக்கு வந்து, அங்கிருந்து யாரேனும் ஒருவர் கையில் லயத்துக்கு ஏறி வரும். பரீட்சைக்கு அழைக்கும் கடிதமோ அனுமதிப்பத்திர அட்டையோ காரியாலய மேசையில் சில நாள் தங்கிவிட்டால், இழப்பு பயிலுநருடையதே.

இத்தகைய ஒவ்வொரு பயணத்துக்கும் தோட்டக் கணக்கில் ஒரு விலை உண்டு. கொழுந்து நிறை குறைந்தால் ‘அரைப்பேர்’, நிறைந்தால் ‘முழுப்பேர்’ என நாட்சம்பளம் பதிவாகும் உலகில் அலுவலகத்துக்குச் சென்ற நாளுக்குப் பேரே இல்லை. 2021 ஆம் ஆண்டில் 1,000 ரூபாவாகவும் 2024 செப்டெம்பரில் 1,350 ரூபாவாகவும் நிர்ணயிக்கப்பட்டிருந்த நாட்சம்பளத்தைப் போன்றதொரு கூலியில் வாழும் குடும்பம், மகனோ மகளோ நுவரெலியாவுக்குச் சென்று வெறுங்கையுடன் திரும்பும் ஒவ்வொரு தடவையும் பேருந்துக் கட்டணத்தோடு அன்றைய பேரையும் இழக்கிறது. இதனாற்றான் பலர் வண்டியை முதலில் ஓட்டத் தொடங்கிவிட்டு, தாளைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்ற நிலைக்கு வருகின்றனர். அது விளங்கிக்கொள்ளத் தக்கதே, ஏற்றுக்கொள்ளத் தக்கதன்று. அனுமதிப்பத்திரம் இன்றி ஓட்டுவதற்கான தண்டம் அண்மைக்காலத் திருத்தங்களின்படி 25,000 ரூபாவிலிருந்து தொடங்குகிறது. 2024 ஆம் ஆண்டின் 1,350 ரூபாச் சம்பளத்தில் அது 18 நாள் உழைப்பை விஞ்சும் தொகை. விபத்து நேருமாயின், காப்புறுதி நிறுவனம் இழப்பீட்டை மறுப்பதற்கு அனுமதிப்பத்திரம் இன்மை ஒன்றே போதும்.

எழுத்துப் பரீட்சை ஒரு மணித்தியாலத்தில் விடையளிக்க வேண்டிய 40 பல்தேர்வு வினாக்களைக் கொண்டது. சிங்களம், தமிழ், ஆங்கிலம் ஆகிய மூன்று மொழிகளுள் ஒன்றில் அதற்குத் தோற்றலாம். 1987 ஆம் ஆண்டின் பதின்மூன்றாம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது; 1988 ஆம் ஆண்டின் பதினாறாம் திருத்தம் நிருவாக மொழி உரிமையை விரித்தது; 1999 ஆம் ஆண்டின் அரசறிவித்தல் நுவரெலியா மாவட்டத்துப் பிரதேச செயலாளர் பிரிவுகளை இருமொழி நிருவாகப் பிரிவுகளாக்கியது. 2012 ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி 7 இலட்சத்தைத் தாண்டிய அம்மாவட்ட மக்களுள் பாதிக்கு மேற்பட்டோர் இந்திய வம்சாவளித் தமிழர் ஆவர். ஆகவே தமிழில் வினாத்தாளும், தமிழில் படிவமும், தமிழ் விளங்கும் அலுவலரும் வேண்டுமெனக் கேட்பது சலுகைக்கான மன்றாட்டம் அன்று. சட்டம் முன்னரே தந்ததைக் கேட்பதேயாகும்.

பரீட்சைத் தமிழ் பற்றியும் ஒரு குறிப்பு இங்கு வேண்டியுள்ளது. சாரதிப் பயிற்சிப் பாடசாலைகள் தரும் மாதிரி வினாவிடைகளை மனனஞ் செய்து சித்தியடைவோர் மிகுதி. பயணியை ஏற்றி இறக்கச் சிறிது நேரம் நிற்பது வேறு, வாகனத்தை ஓரிடத்தில் விட்டுவைப்பது வேறு, ஒன்று தடுக்கப்பட்ட இடத்தில் மற்றொன்றுக்கு அனுமதி இருக்கலாம் என்பதை அவர்கள் விடையாக அறிவர்; ஹட்டன் நகரின் நெருக்கடியான வீதியில் அதற்குள்ள பொருளை அறியார். அபாய எச்சரிக்கைக் குறிகள் இலங்கையில் மஞ்சள் நிறச் சாய்சதுரப் பலகைகளில் வரையப்படுகின்றன. கொண்டை ஊசி வளைவு, வழுக்கும் வீதி, கல் விழும் இடம், செங்குத்தான இறக்கம் ஆகியவற்றைக் குறிக்கும் பலகைகள் சமவெளியில் வாழ்பவருக்குப் பரீட்சைப் பாடம், மலையகத்தவருக்கு நாளாந்த வழி. பாடப் புத்தகத்தை மூடிவிட்டு ஏ7 வீதியில் கினிகத்தேனையிலிருந்து ஹட்டன் வரை பேருந்தில் அமர்ந்து அக்குறிகளைப் பார்த்து வந்தாலே பாதிப் பாடம் முடிந்துவிடும்.

இனி, மலையேற்றம். நுவரெலியா நகரம் கடல்மட்டத்திலிருந்து 1,868 மீற்றர் உயரத்தில் உள்ளது. 500 மீற்றரை ஒட்டிய உயரத்திலுள்ள கம்பளையிலிருந்து றம்பொடை வழியாக அங்கு ஏறும் ஏ5 வீதி ஏறத்தாழ 1,400 மீற்றர் உயர்கிறது. ஏறும்போது இயந்திரத்தின் வலிமை சோதிக்கப்படும். இறங்கும்போது சோதனை முழுவதும் சாரதியின் அறிவுக்கே. நீண்ட இறக்கத்தில் பிரேக்கை விடாது மிதித்துக்கொண்டே வந்தால் உராய்வினால் அதன் பட்டைகள் அளவுமீறிச் சூடேறி, பிடிமானத்தை இழக்கும். பிரேக் எண்ணெய் கொதிக்கத் தொடங்கினால் மிதி அடிவரை இறங்கியும் வண்டி நிற்காது. இதனைத் தவிர்க்கும் வழி, இறக்கம் தொடங்குவதற்கு முன்னரே கீழ் கியருக்கு மாறி, இயந்திரத்தின் எதிர்ப்பைக் கொண்டே வேகத்தைக் கட்டுப்படுத்துவது. இதுவே இயந்திரத் தடுப்பு எனப்படும். எந்தக் கியரில் ஏறினாயோ அந்தக் கியரிலேயே இறங்கு என்று பழைய லொறிச் சாரதிகள் சொல்லிக்கொடுப்பதன் அடிப்படையும் இதுவே. எரிபொருளை மிச்சம் பிடிப்பதற்காக கியரை விடுவித்து, ‘நியூட்ரலில்’ வண்டியை உருளவிடும் வழக்கம், சில ரூபாய்களுக்காக அந்த எதிர்ப்பு முழுவதையும் கைவிடுவதாகும்.

இவ்வீதிகள் பிழையை மன்னிப்பதில்லை என்பதற்கு அண்மைக்காலச் சான்றுகள் போதியளவு உள்ளன. 2023 சனவரி 20 ஆம் திகதி நானுஓயா றதல்ல குறுக்கு வீதியில் இறங்கிய, பாடசாலை மாணவரை ஏற்றிய பேருந்து ஒன்று எதிரே வந்த வேனுடனும் முச்சக்கரவண்டியுடனும் மோதியதில் 7 பேர் மாண்டனர். 2025 மே 11 ஆம் திகதி அதிகாலையில் றம்பொடை கெரண்டி எல்ல பகுதியில் இலங்கைப் போக்குவரத்துச் சபையின் பேருந்து பள்ளத்தில் வீழ்ந்து 20 இற்கு மேற்பட்டோர் உயிரிழந்தனர். தொழின்முறைச் சாரதிகள் செல்லும் வழியே இத்தகையதெனில், அதே வழியில் ‘எல்’ பலகையோடு இறங்கும் புதியவருக்கு எவ்வளவு பயிற்சி வேண்டும் என்பதை விரித்துரைக்கத் தேவையில்லை.

ஏற்றத்தில் நிறுத்திய வண்டியை மீண்டும் நகர்த்துவதே மலையகப் பயிலுநரின் முதற்பெரும் பாடம். கைப்பிரேக்கை இழுத்து, முதற்கியரில் இட்டு, கிளட்சை மெல்ல விடும்போது இயந்திரத்தின் ஒலி சற்றுத் தாழ்ந்து வண்டியின் முன்பகுதி இலேசாக உயரும் ஒரு கணம் உண்டு. அக்கணத்தில் எரிபொருள் மிதியைச் சிறிது அழுத்திக் கைப்பிரேக்கை விட்டால் வண்டி பின்னோக்கி ஓரடியும் நகராது மேலேறும். கைப்பிரேக்கை விடுவதில் முந்தினால் வண்டி பின்னால் நிற்கும் வாகனத்தில் மோதும், பிந்தினால் இயந்திரம் நின்றுவிடும். இதனைக் காது கேட்டுக் கால் பழக வேண்டும்; எந்த வினாத்தாளும் அதனைக் கற்பிக்காது. ஏறிவரும் வாகனத்துக்கு இறங்கும் வாகனம் வழிவிட வேண்டும் என்று மலைவீதி ஒழுங்கு கூறுவதும் இதனாலேயே: இடையில் நின்ற ஏற்றத்தை மீளத் தொடங்குவது கடினம், இறங்குபவரோ நின்று செல்லலாம்.

முச்சக்கரவண்டியைப் பழகுவோருக்கு மேலும் ஒரு பாடம் உண்டு. முன்னால் ஒற்றைச் சக்கரமே உள்ளதால், வளைவில் வேகம் மிகுந்தால் அவ்வண்டி நான்கு சக்கர வாகனத்தைவிட எளிதிற் கவிழும். பின்னிருக்கையில் உரிய அளவுக்கு மேல் ஆட்கள் ஏறிவிட்டால் அந்த அபாயம் இன்னும் கூடும். அதனால் வளைவுக்கு முன்னர் வேகத்தைத் தணிக்க வேண்டுமே அன்றி வளைவுக்குள் பிரேக் பிடித்தலாகாது. மூடுபனி வேளையில் தூர ஒளியைப் போட்டால் பனித்திரையே ஒளிர்ந்து கண்ணை மறைக்கும். தாழ் ஒளியே வழிகாட்டும். பிற்பகலில் கொழுந்து லொறிகள் தொழிற்சாலைக்குத் திரும்பும் நேரமும், பாடசாலை விட்ட பிள்ளைகள் நடைபாதை இல்லாத வீதியோரமாக வீடு செல்லும் நேரமும் ஏறக்குறைய ஒன்றே. பயிற்சிக்கு அந்த நேரத்தையும் தெரிவு செய்ய வேண்டும், வெறிச்சோடிய காலைப்பொழுதை மாத்திரம் தெரிவு செய்வது போதாது. எந்த நகரில் நடைபெற்றாலும், சில நிமிடங்களுள் முடியும் செய்முறைப் பரீட்சையால் இவை அனைத்தையும் சோதிக்க இயலாது. எனவேதான் பரீட்சையைவிட அதற்கு முந்திய 3 மாதங்கள் பெறுமதி மிக்கவை.

பயிலும் இடமும் ஒரு சிக்கலே. தோட்டத்துப் பிள்ளை முதலிற் காணும் வீதி தோட்டத்தின் உள்வீதி; குழியும் கல்லும் நிறைந்த அவ்வீதிகள் சீரழிந்தமைக்கும் சட்டத்துக்கும் தொடர்பு உண்டு. 1987 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டத்தின் 33 ஆம் பிரிவு, தோட்டங்களுக்குள் சபை நிதியைச் செலவிடுவதற்கு நெடுங்காலம் தடையாக விளங்கியது. தோட்ட மக்கள் வாக்களித்துத் தெரிவு செய்த சபை அம்மக்களின் வீதிக்குத் தார் போட முடியாதிருந்தது. 2018 ஆம் ஆண்டில் அது திருத்தப்பட்டது. திருத்தம் வந்த பின்னும் செப்பனிடப்படாத வீதிகளுக்குச் சட்டத்தை இனிக் காரணம் காட்ட முடியாது.

பெண்களைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். மலையகத்தின் பொருளாதாரத்தைக் கூடையில் சுமப்பவர்கள் பெண்கள். வண்டியின் முன்னிருக்கையில் அவர்களைக் காண்பதோ அரிது. சட்டத்தில் அவர்களுக்குத் தடை ஏதும் இல்லை. வீட்டின் தயக்கமும் பயிற்சிக் கட்டணமுமே தடைகள். தொழிற்சங்கங்களும் மாதர் சங்கங்களும் மனம் வைத்தால் அவ்விரண்டையும் நீக்கலாம்.

செய்ய வேண்டியவை தெளிவானவை. க.பொ.த. சாதாரண தரப் பரீட்சைக்காக அடையாள அட்டைக்கு விண்ணப்பிக்கும் வயதிலேயே, பாடசாலை அதிபர்கள் ஒவ்வொரு மாணவரது பிறப்புச் சான்றிதழையும் இடாப்பையும் ஒப்புநோக்கிப் பெயர் வேறுபாடுகளைத் திருத்துவிக்க வேண்டும். ஆட்பதிவுத் திணைக்களமும் மோட்டார் போக்குவரத்துத் திணைக்களமும் மருத்துவ நிறுவனமும் ஒரே நாளில் ஒரே மண்டபத்தில் அமரும் நடமாடும் சேவைகளை, சம்பள நாள் இழக்கப்படாத ஞாயிற்றுக்கிழமைகளில், பொகவந்தலாவை, மஸ்கெலியா போன்ற எல்லை ஊர்களிலும் தமிழில் நடத்த வேண்டும். சாரதிப் பயிற்சிப் பாடசாலைகள் ஏற்றத் தொடக்கத்தையும் இறக்கத்தில் இயந்திரத் தடுப்பையும் கட்டணத்துள் அடங்கிய கட்டாயப் பாடங்களாக்க வேண்டும். இளையோர் அண்ணனின் வண்டியை எடுத்து ஓட்டத் தொடங்கும் முன்னர் தம் பெயரில் ஒரு பயிலுநர் அனுமதிப்பத்திரத்தைப் பெற்றுக்கொள்ள வேண்டும். பெற்ற பின்னர், செய்முறைப் பரீட்சைத் திகதி வரும்வரை வாரந்தோறும் மலையேறி இறங்கிப் பழக வேண்டும்.